கட்டுக்குள் இருப்பதையும் பட்டியலில் ஏற்றுங்கள்

பழைய அச்சு நூல்களைப் பொறுப்பில் வைத்திருக்கும் அரசு நூலக அதிகாரிகளுக்கு,

வணக்கம். போன மாதம் உங்கள் நூலகம் ஒன்றிலிருந்து எனக்குப் பதில் வந்தது. "தாங்கள் கோரிய நூல் இருப்பில் இல்லை." ஒரே வரி, கீழே முத்திரை. எந்த நூலகம் என்று இங்கே எழுதப் போவதில்லை. இந்த வரி எந்த ஊரிலும் கிடைக்கும். நான் கேட்டது, 1924இல் காவிரியிலும் கொள்ளிடத்திலும் வந்த பெருவெள்ளத்தைப் பாடும் ஒரு சிந்துப் பாட்டுப் புத்தகம். எட்டுப் பக்கம், விலை அரையணா. "இருப்பில் இல்லாத" அந்த நூலை அதே நூலகத்தில் உட்கார்ந்து படித்திருக்கிறேன்.

எப்படி என்று உங்களுக்கே தெரியும். குஜிலிப் பிரசுரங்கள், அதாவது சந்தையில் மலிவாக விற்ற சின்னப் பாட்டுப் புத்தகங்கள், அலமாரியில் தனியாக நிற்காது. பதினைந்து இருபதைச் சேர்த்துத் தைத்து, காலிகோ துணி ஒட்டி ஒரே கட்டாக்கிவிடுவார்கள். பதிவேட்டில் ஏறுவது முதலில் இருக்கும் நூலின் பெயர் மட்டும். என் சிந்து இருக்கும் கட்டில் முதல் நூல் நல்லதங்காள் கதை. ஆக, அரசாங்கக் கணக்கில் அந்தக் கட்டு முழுக்க நல்லதங்காள்தான். அவளுக்குப் பின்னால் கள்ளுக்கடையை ஏசும் கும்மி, ரயில் பாட்டு, ஒரு கொலைச் சிந்து, அப்புறம் இந்த வெள்ளம், எல்லாம் பெயரில்லாமல் கிடக்கின்றன. அன்றைக்கு எனக்கு அதை எடுத்துக் கொடுத்தவர் அங்கே வேலை பார்த்த ஓர் அண்ணன். "சிவப்பு பைண்டிங், முதுகு கிழிஞ்சிருக்கும், மூணாவது தட்டுல பாருங்க தம்பி" என்றார். இன்று அவர் ஓய்வு பெற்றுவிட்டார். கேட்டால் சொல்ல ஆள் இல்லை, தேடினால் காட்டப் பட்டியலும் இல்லை.

அரையணாப் பாட்டுக்கு இவ்வளவு அலட்டலா என்று கேட்கலாம். ஆற்றில் தண்ணீர் எத்தனை அடி ஏறியது என்பதை அரசு ஆவணத்தில் பார்த்துக்கொள்ளலாம். எந்தத் தெரு முழுகியது, எந்த மிராசுதார் களஞ்சியத்தைத் திறந்தார், எவர் பூட்டிக்கொண்டார், மூட்டை அரிசி என்ன விலைக்குப் போனது, இதையெல்லாம் சிந்துக்காரன்தான் பாடியிருப்பான். அதைச் சந்தையில் பாடிக் காட்டித்தான் விற்பான். அட்டையில் பாட்டுக்குச் சம்பந்தமே இல்லாத ஒரு மரக்கட்டைப் படம், உள்ளே எழுத்துப் பிழைகள், கடைசிக் கண்ணியில் பாடியவன் தன் பெயரையும் ஊரையும் செருகியிருப்பான். எழுத்துக் கூட்டிப் படிக்கத் தெரிந்தவர்களும் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டவர்களும் காசு கொடுத்து வாங்கிய இலக்கியம் இது. அவர்கள் எதற்குச் சிரித்தார்கள், எதற்குப் பயந்தார்கள் என்று அறிய வேறு இடம் அதிகம் இல்லை.

வெள்ளைக்காரன் காலத்தில் இவற்றை ஒவ்வொன்றாகப் பட்டியலிடும் வேலை நடந்திருக்கிறது என்பதுதான் வயிற்றெரிச்சல். 1867 அச்சகச் சட்டத்தின்படி அச்சிட்டதை அரசுக்குக் கொடுக்க வேண்டியிருந்தது. காலாண்டுப் பட்டியலில் தலைப்பு, பக்கம், விலை, எத்தனை பிரதி என்பதுவரை ஏறியது. அவன் நோக்கம் கண்காணிப்பு, சந்தேகமில்லை. ஆனாலும் எழுதி வைத்தான். லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் இருந்த தமிழ் நூல்களுக்கே எல்.டி. பார்னெட்டும் ஜி.யு. போப்பும் தொகுத்த தனி அட்டவணை 1909இல் வெளிவந்தது. இன்றும் தமிழ்ப் பாட்டுக்கு லண்டன் அட்டவணையைப் புரட்டிவிட்டு, அது நம் ஊரில் இருக்குமா என்று உங்கள் வாசலில் வந்து நிற்கிறோம்.

கேட்பது ஒன்றே ஒன்றுதான். ஒவ்வொரு கட்டையும் திறந்து, உள்ளே இருக்கும் ஒவ்வொரு பிரசுரத்துக்கும் தனிப் பதிவு போடுங்கள். தலைப்பு, பாடியவர், அச்சகம், ஆண்டு, கட்டு எண், கட்டில் எத்தனையாவது. ஆறு தகவல், அவ்வளவே.

அட்டவணை கணினிமயமாகிவிட்டது என்பீர்கள். ஆகிவிட்டது, மறுக்கவில்லை. பழைய அட்டையில் இருந்த அதே ஒற்றைப் பெயரைத்தான் தட்டச்சு செய்தீர்கள், அதிலும் "நல்லதங்கள்" என்று. வாசலில் செயற்கை நீரூற்று, உள்ளே குளிர்சாதனம், செல்ஃபி எடுக்க ஒரு மூலை, திறப்பு விழாவுக்குக் கட்அவுட். சொத்து வரியோடு நூலக வரியும் கட்டுகிற எங்களுக்கு நீரூற்றில் ஆட்சேபம் இல்லை. அதன் பராமரிப்புக்கு ஆள் போட்டீர்கள், கட்டைப் பிரித்துப் பார்க்க ஓர் ஆளைப் போடவில்லை. நூலகர் பணியிடம் காலியாக இருப்பதைச் சொன்னால், அது வேறு துறை, வேறு கோப்பு என்பீர்கள். சரி, விடுங்கள். அதற்கு இன்னொரு மடல் எழுதுகிறேன்.

முடியாத காரியமும் இல்லை. கோட்டையூரில் பெயர்ப்பலகை எழுதிப் பிழைத்த ரோஜா முத்தையா, நாடக நோட்டீசு, கல்யாணப் பத்திரிகைவரை சேர்த்து வைத்தார். 1992இல் அவர் காலமான பிறகு சிகாகோ பல்கலைக்கழகம் அந்தச் சேகரத்தை வாங்கி, சென்னையிலேயே 1994இல் நூலகமாக்கி, பட்டியல் போட்டு ஆய்வாளர்களுக்குத் திறந்துவிட வழி செய்தது. தனி மனிதர் ஒருவரின் வீட்டுச் சேகரத்துக்குக் கிடைத்த மரியாதை, அரசுச் சேகரத்துக்கு ஏன் கிடைக்கவில்லை?

இன்னொன்று, இதுதான் எனக்கு உறுத்துகிறது. இருப்புச் சரிபார்ப்பில் பதிவேட்டில் உள்ளதைத்தான் தேடுவீர்கள். நாளை அந்தச் சிவப்புக் கட்டைக் கரையான் அரித்தாலோ, பழையது என்று எடைக்குப் போட்டாலோ, குறிப்பில் "நல்லதங்காள் கதை, 1 பிரதி, கழிவு" என்று எழுதிக் கையெழுத்து வாங்கிவிடலாம். நல்லதங்காள் எங்கும் கிடைப்பாள், யாரும் கேள்வி கேட்கமாட்டார்கள். கூடவே போன மற்றவை கணக்கில் என்றைக்குமே இருந்ததில்லை, ஆகவே தொலையவும் இல்லை. தணிக்கைக்கும் ஆட்சேபம் இருக்காது.

எனவே தயவுசெய்து, தனிப் பதிவு போட்டு முடிக்கும்வரை எந்தக் கட்டையும் கழிவில் சேர்க்காதீர்கள். ஆள் பற்றாக்குறை என்றால் தமிழ், வரலாறு, நூலக அறிவியல் படிக்கும் மாணவர்களுக்கு அனுமதி கொடுங்கள். உங்கள் ஊழியர் முன்னிலையில் உட்கார்ந்து எழுதித் தருவார்கள். நானும் வருகிறேன். வேலையை எந்தத் தேதியில் தொடங்குவீர்கள் என்று ஒரு வரி பதில் போட்டால் போதும். முத்திரை இல்லாவிட்டாலும் பரவாயில்லை.

இப்படிக்கு,
மரியாதையுடன்,
வெள்ளச் சிந்து கேட்ட வாசகன்