நன்றி மடல்: எங்களோடு நின்றவர்களுக்கு

அன்புடையீர்,

வணக்கம். என் கணவர் மறைந்து இரண்டு மாதங்கள் ஆகின்றன. ஒவ்வொருவரையும் நேரில் கண்டு நன்றி சொல்லும் தெம்பு எனக்கு இன்னும் வராததால், குடும்பத்தின் சார்பில் இம்மடலை எழுதுகிறேன். தாமதத்தைப் பொறுத்தருள வேண்டுகிறேன்.

அன்று காலை என் அலறல் கேட்டு ஓடிவந்த எதிர்வீட்டுத் தம்பிக்கு முதல் நன்றி. ஆம்புலன்ஸ் வந்து சேரும்வரை, தொலைபேசியில் சொல்லச் சொல்ல, நிமிடத்திற்கு 100 முதல் 120 முறை என்ற வேகத்தில், வியர்வை சொட்டச் சொட்ட அவர் நெஞ்சை அழுத்திக்கொண்டே இருந்தீர்கள். இன்னும் சரியாகச் செய்திருந்தால் பிழைத்திருப்பாரோ என்று நீங்கள் மருகுவதாகக் கேள்விப்பட்டேன். இதயத்துடிப்பு திடீரென நின்றுபோவது முன்னறிகுறி ஏதுமின்றியும் நேரும் என்று மருத்துவர் விளக்கினார். உங்கள் கைகளில் குறையில்லை, தம்பி. (“முன்பே கவனித்திருக்கக் கூடாதா?” என்று என்னிடம் கேட்டவர்களுக்கும் இதுவே பதில்.)

கண்தானத்தை நினைவூட்டியவர் என் நாத்தனார். உடன்பிறந்தவனை இழந்து நின்ற அந்த நிலையிலும், ஆறு மணி நேரத்திற்குள் எடுத்தாக வேண்டும் என்று சொல்லி, மின்விசிறியை நிறுத்தி, இமைகளை மூடி ஈரப்பஞ்சு வைத்து, தலையணையால் தலையைச் சற்றே உயர்த்தி வைத்தார். கண்ணாடி போட்டவர் ஆயிற்றே என்று நான் தயங்கியபோது, வந்திருந்த கண் வங்கி ஊழியர், அது தடையே இல்லை என்று பொறுமையாக எடுத்துரைத்தார், அவருக்கும் நன்றி.

இறப்புச் சான்றிதழ், வங்கி, காப்பீடு என்று அலைந்த அலுவலக நண்பர்கள் ஒரு தாளுக்குக்கூட என்னை வெளியே வரவிடவில்லை.

மகனின் வகுப்பாசிரியைக்கு நான் பட்டிருப்பது பெருங்கடன். அப்பா தூங்குகிறார் என்று நாங்கள் சொல்லிவைத்ததை நம்பி, ஆறு வயதுப் பிள்ளை இரண்டு இரவுகள் கண்மூட மறுத்துவிட்டான். இறந்துவிட்டார், இனி வரமாட்டார் என்பதை நேராகச் சொல்லுங்கள் என்று வற்புறுத்தி, நான் சொல்லி முடிக்கும்வரை என் பக்கத்திலேயே அமர்ந்திருந்தார். அன்று அவன் வெகுநேரம் அழுதான். அழுது ஓய்ந்து, என் மடியிலேயே உறங்கினான்.

அவருடைய மூக்குக்கண்ணாடி, ஒரு வில்லையில் விரல்ரேகை படிந்தபடி, மேசைமேல்தான் இருக்கிறது. துடைக்க மனம் வரவில்லை. அப்பாவின் கண்களைப் பெற்றவர்களுக்கு இது வேண்டியிருக்காதா, கொடுத்து அனுப்பலாமே என்று நேற்று மகன் கேட்டான்.

நன்றியுடன்,
நானும் என் மகனும்