பூப்பனிக் காலம்: பாம் (பனை இன) கன்றுகளைக் கவனியுங்கள்

எல்லோருக்கும் வணக்கம். ஜனவரி, பெப்ரவரியில் நுவரெலியா, அம்பேவளை பக்கம் வானம் தெளிந்த இரவுகளில் பூப்பனி, அதாவது உறைபனி, விழும். வாசலில் பாக்கு, கித்துள், அலங்காரப் பாம் கன்று வைத்திருப்பவர்கள் தயவுசெய்து கவனியுங்கள். ஓலை கருகினால் புதிதாக வரும். நடுக்குருத்து அழுகினால் மரமே போய்விடும், அதற்கு வளரும் நுனி ஒன்றுதான்.

அதனால் மாலையிலேயே ஓலைகளைச் சேர்த்துத் தளர்வாகக் கட்டி, பழைய சாக்கோ போர்வையோ போர்த்துங்கள். பொலித்தீன் வேண்டாம், ஓலையில் ஒட்டினால் அந்த இடமே கருகும். வெயில் வந்ததும் கழற்றிவிடுங்கள். பகலில் அடிமண்ணை நனைத்தால் ஈரமண் இரவில் சூட்டை வைத்திருக்கும். குருத்துக்குள் மட்டும் தண்ணீர் போகக்கூடாது. கருகிய ஓலையை இப்போதே வெட்டாதீர்கள், குளிர் முடியும்வரை குருத்துக்கு அதுவும் ஒரு மறைப்பு. தொட்டிக் கன்றுகளை இஸ்தோப்புக்குள் (முன் விறாந்தைக்குள்) எடுத்தால் போதும்.

அப்புறம், சாக்கு மிச்சம் இருப்பவர்கள் இங்கே சொல்லுங்கள். லயத்தில் (தோட்ட வரிசை வீடுகளில்) தனியாக இருக்கும் பெரியவர்களுக்குக் கொடுக்கலாம்.