கேப்ஸ் சொல்ல வேண்டிய நேரம்

தலவாக்கலை

அன்புள்ள செல்வராஜ்,

உன் கடிதமும், அதன் அடியில் உன் பேரன் எழுதியிருந்த நாலு வரியும் கிடைத்தன. தங்கச்சிக்கு முழங்கால் வலி குறைந்து, மாடிப்படி ஏறி இறங்குகிறாள் என்று படித்ததும் வீட்டில் எல்லோருக்கும் நிம்மதி.

இங்கே ஆனி பிறந்ததிலிருந்து மழை விட்டபாடில்லை. தேயிலைக் கொழுந்து நன்றாக வருகிறது. எடுக்கத்தான் ஆள் இல்லை. லயத்துப் பிள்ளைகள் கொழும்புக் கடைகளுக்கும் கட்டட வேலைக்கும் போய்விட்டார்கள். சென் கிளேயர் அருவியைப் பற்றிக் கேட்டிருந்தாய். மேல் கொத்மலை மின் திட்டம் 2012இல் இயங்கத் தொடங்கியதிலிருந்து அது நாம் பார்த்த அருவி இல்லை. தண்ணீரின் பெரும் பங்கு சுரங்கத்துக்குள் போகிறது. நீ இந்தியாவுக்குத் தலைமன்னாரில் கப்பல் ஏறியபோது மனதில் கொண்டுபோன அருவியையே வைத்துக்கொள்.

ஒரு துக்கச் செய்தி. மேல் டிவிஷன் மாணிக்கம் அண்ணன் போய்விட்டார். வயதாகித்தான் போனார், படுக்கையில் அதிகம் கிடக்கவில்லை. இரவு விழித்திருக்க முற்றத்தில் தறப்பாள் கட்டி, மேசை போட்டு, சாயத்தண்ணீரும் இஞ்சியும் கொடுத்தார்கள். சீட்டுக்கட்டும் வந்தது. முந்நூற்று நாலு ஆட்டம் இல்லாமல் அவரை வழியனுப்ப முடியுமா?

அன்று இரவு இளைஞர்களுக்குள் வந்த வாக்குவாதமும் உன் பேரன் கேட்டிருக்கும் கேள்வியும் ஒன்றாக இருப்பதுதான் என்னை உடனே எழுத உட்கார வைத்தது. 'கேப்ஸ் என்றால் எட்டுப் பிடியும் பிடிப்பதுதானே?' என்று கேட்கிறான் (நாலு பேரும் ஆளுக்கொரு சீட்டுப் போடும் ஒரு சுற்றை வெல்வதுதான் ஒரு பிடி). நீ 'ஆமாம்' என்று சொல்லியிருக்கிறாய். செல்வராஜ், அந்தப் பதிலோடு அவனை விட்டுவிடாதே. எட்டுப் பிடியும் பிடிப்பது கேப்ஸின் பாதிதான். மற்றப் பாதி, அதை எப்போது சொல்ல வேண்டும் என்பது. ஆட்டத்தின் உயிர் அங்கேதான் இருக்கிறது.

உனக்குத் தெரிந்ததைப் பேரனுக்காகச் சுருக்கமாக எழுதிவிடுகிறேன். ஏழு முதல் ஆசு வரை முப்பத்திரண்டு சீட்டு, நாலு பேர், இரண்டு ஜோடி, ஆளுக்கு எட்டுச் சீட்டு. ஜாக்கிக்கு 30, ஒன்பதுக்கு 20, ஆசுக்கு 11, பத்துக்கு 10, ராஜாவுக்கு 3, ராணிக்கு 2. எட்டுக்கும் ஏழுக்கும் ஒன்றுமில்லை. ஓர் இனத்துக்கு 76, நாலு இனத்துக்கும் சேர்த்து 304. முதல் நாலு சீட்டைப் பார்த்துக் கேள்வி கேட்கிறோம், அதாவது இத்தனை புள்ளி எடுப்போம் என்று ஏலம் கூறுகிறோம். கேள்வியை எடுத்தவர் துரும்பை, அதாவது மற்ற இனங்களை வெட்டும் இனத்தின் சீட்டு ஒன்றை, கவிழ்த்து வைக்கிறார். பிறகு மீதி நாலு சீட்டு. கேள்வி முழுவதும் புள்ளிக் கணக்கு. கேப்ஸுக்குப் புள்ளியே கிடையாது, பிடிதான் கணக்கு. எட்டும் ஏழுமாக விழுந்த ஒரு வெற்றுப் பிடி எதிர்ப்பக்கம் போனாலும் கேப்ஸ் போய்விட்டது.

எல்லாப் பிடியையும் ஒரே பக்கம் அள்ளுவதற்குப் பரிசு கொடுக்கும் ஆட்டங்கள் பல உண்டு. சிங்கள நண்பர்களோடு நாம் ஓமி ஆடியபோது அதைக் கபோத்தி என்று எண்ணினோம். பிரெஞ்சுக்காரர்களின் பிக்கெட்டில் கப்போ என்று நாற்பது புள்ளி கொடுப்பார்கள். அவற்றில் கை முடிந்த பிறகுதான் பார்ப்பது: எல்லாம் பிடித்தாயா, சரி, பரிசு. பிரிட்ஜில் ஸ்லாம் கேட்பவர் முதல் சீட்டு விழுவதற்கு முன்பே பன்னிரண்டோ பதின்மூன்றோ பிடிப்பேன் என்று ஏலத்தில் உறுதி கொடுத்துவிடுகிறார். முந்நூற்று நாலு இந்த இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. ஆட்டம் ஓடிக்கொண்டிருக்கும்போது, இனி எல்லாப் பிடியும் நமக்குத்தான் என்பது உறுதியான அந்தக் கணத்தில், அடுத்த சீட்டை இறக்குவதற்கு முன் சொல்லிவிட வேண்டும். உறுதியாகாமல் சொன்னால் தண்டம். உறுதியான பிறகும் சொல்லாமல் ஆடினால் அதுவும் தண்டம். தண்டமாக எத்தனை கல் (வெற்றி தோல்வியை எண்ணும் அடையாளச் சீட்டு) என்பது மேசைக்கு மேசை மாறும். இந்த இரட்டைக் கட்டு மாறாது. இதைப் போல ஒரு விதியை நான் வேறு சீட்டாட்டத்தில் பார்த்ததில்லை. பிரிட்ஜிலும் மீதிப் பிடிகள் எனக்கு என்று சீட்டை விரித்துக் காட்டலாம். ஆனால் காட்டாமல் கடைசிவரை ஆடினாலும் யாரும் கேட்க மாட்டார்கள்.

'உறுதி' என்பதைப் பேரனுக்குச் சீட்டை விரித்துத்தான் காட்ட வேண்டும். கட்டை எடுத்து இப்படி அடுக்கு. இஸ்பேட் துரும்பு. துரும்பு திறந்தாகிவிட்டது. முதல் ஐந்து பிடியும் நம் பக்கம். இப்போது இறக்க வேண்டியவன் அவன். கையில் மூன்று சீட்டு: இஸ்பேட் ஜாக்கி, ஆட்டின் (ஹார்ட்ஸ்) ஜாக்கி, ஆட்டின் ஒன்பது. இஸ்பேட்டில் ஒன்பது, ஆசு, பத்து, ராஜா, ராணி, எட்டு ஆகிய ஆறும் விழுந்துவிட்டன. வெளியே இருப்பது ஏழு மட்டும். அது யாரிடம் இருக்கிறது என்று தெரியாது. தெரிய வேண்டியதும் இல்லை. இஸ்பேட் ஜாக்கியை இறக்கினால் அது யார் கையில் இருந்தாலும் வந்து விழுந்தாக வேண்டும். அதன்பின் வெட்டத் துரும்பில்லை. ஆட்டினில் ஜாக்கிக்கும் ஒன்பதுக்கும் மேல் சீட்டில்லை. ஆகவே ஜாக்கியைக் கையிலிருந்து உருவுவதற்கு முன்பே அவன் கேப்ஸ் சொல்ல வேண்டும்.

இப்போது ஒரே ஒரு சீட்டை மாற்று. எட்டு விழவில்லை, ஏழோடு சேர்ந்து அதுவும் வெளியே இருக்கிறது. அவன் கையில் அதே மூன்று சீட்டு. கேப்ஸ் உண்டா? இஸ்பேட் ஜாக்கிக்கு எட்டும் ஏழும் ஆளுக்கொன்றாக விழுந்தால் எல்லாம் சரி. இரண்டும் எதிரி ஒருவனிடமே இருந்தால் ஒன்றை இப்போது போட்டு, மற்றதால் ஆட்டின் ஜாக்கியை வெட்டிவிடுவான். பெரும்பாலும் அப்படி இருக்காது. ஆனால் இருக்கலாம். அந்த 'இருக்கலாம்' இருக்கும்வரை கேப்ஸ் சொல்லக்கூடாது, ஆடத்தான் வேண்டும். இறக்கிப் பார்த்து, இரண்டும் விழுந்தால், அந்த இடத்தில் வாயைத் திறக்க வேண்டும்.

மூன்றாவதாக இன்னொன்றையும் காட்டு. இதுதான் எனக்குப் பிடித்த இடம். எட்டும் ஏழும் வெளியேதான். ஆனால் முந்திய பிடிகளில் துரும்பு கேட்டபோது எதிரிகள் இருவரும் வேறு சீட்டைக் கழித்தார்கள். அப்படியானால் அவர்களிடம் இஸ்பேட் இல்லை. இரண்டும் நம் கூட்டாளியிடம். உடனே கேப்ஸ். மேசையில் கிடக்கும் சீட்டும் அவன் கைச் சீட்டும் இரண்டாவது உதாரணத்தில் இருந்தவைதாம். அவன் எதைப் பார்த்தான், எதை நினைவில் வைத்திருக்கிறான் என்பது மட்டும்தான் மாறியிருக்கிறது. ஒருவன் எதிரிகள் கழித்ததைக் கவனித்திருந்தால் சொல்வான். கவனிக்காதவன் பேசாமல் ஆடித் தண்டம் கட்டுவான். கவனிக்கவில்லை என்பது எங்கள் மேசையில் சமாதானமாக ஏற்கப்பட்டதே இல்லை. யாழ்ப்பாணத்திலிருந்து நம் பாடசாலைக்கு வந்த கணித மாஸ்டரை நினைத்துப் பார். அவர் இதைக் கம்மாரிசு என்பார். விழுந்த சீட்டைத் திரும்பப் புரட்டிப் பார்க்க யாரையும் விடமாட்டார். வலது கையைப் பிடிகளின் மேல் பொத்தி வைத்துக்கொண்டு, 'மண்டையில் பாருங்கள்' என்பார்.

துரும்பு மூடியிருக்கும்போது இது இன்னும் நுட்பமாகிவிடுகிறது. இறக்கிய இனம் கையில் இல்லாதவர் சீட்டைக் கவிழ்த்துப் போடுகிறார் அல்லவா? துரும்பு வைத்தவர்தான் அதை எடுத்துப் பார்க்கிறார். துரும்பு இல்லையென்றால் அப்படியே கவிழ்ந்து கிடக்கும். ஆகவே அவருக்குத் தெரிந்த சீட்டுகள் மற்ற மூவருக்கும் தெரிந்ததைவிட அதிகம். கேப்ஸ் சொல்லும் கடமையும் அவருக்கு முந்தி வந்துவிடுகிறது. நீ துரும்பு வைத்தால் கவிழ்ந்த சீட்டைக் கண்ணருகே கொண்டுபோய், ஒரு நொடி அதிகமாகவே பார்ப்பாய். ஏன் என்று அப்போது எனக்குப் புரியவில்லை. எல்லாவற்றையும் அடுக்கி வைத்துக்கொண்டிருந்திருக்கிறாய்.

சாவு வீட்டில் நடந்தது இதுதான். மாணிக்கம் அண்ணனின் தங்கை மகன், நுவரெலியாவில் படிக்கிறவன், நல்ல கெட்டிக்காரன். நான் சொன்ன முதல் நிலை போலவேதான் அவன் கையும் இருந்தது. தெரிந்துகொண்டே ஒன்றும் சொல்லவில்லை. ஜாக்கியை இறக்கினான், அடுத்ததை இறக்கினான், கடைசிச் சீட்டை மேசையில் ஓங்கி அடித்து 'கேப்ஸ்!' என்றான். கூட இருந்த பையன்கள் கை தட்டினார்கள். எதிரே இருந்த பெரியவர் சீட்டுகளைச் சேர்த்து அடுக்கிவிட்டு, 'கல்லை இந்தப் பக்கம் தள்ளு, தம்பி' என்றார். கழித்து வைத்த இரண்டு முதல் ஆறு வரையான இருபது சீட்டுத்தானே நமக்குக் கல். பையன் தள்ள மறுத்தான். எட்டும் பிடித்தவனிடம் தண்டம் கேட்பது எந்த ஊர் நியாயம் என்று கோபப்பட்டான். என்னைத் தீர்ப்புச் சொல்லச் சொன்னார்கள்.

பெரியவர் பக்கம்தான் சொன்னேன். பையனுக்குக் காரணத்தையும் சொன்னேன். முடிவு தெரிந்த பிறகும் சொல்லாமல் ஆடினால், மற்ற மூவரும் இன்னும் ஏதோ இருக்கிறது என்று நம்பி யோசித்துக்கொண்டிருப்பார்கள். எதை வைத்துக்கொள்வது, எதைக் கழிப்பது என்று எதிரே ஒருவர் நெற்றியைச் சுருக்குகிறார். அவர் யோசிப்பதற்கு அங்கே ஒன்றுமே இல்லை. அது உனக்குத் தெரியும், அவருக்குத் தெரியாது. அந்த வேடிக்கையை நீ ரசிக்கக்கூடாது என்பதற்காகத்தான் இந்த விதி. இன்னொன்று, சொல்லும்போது எந்த வரிசையில் இறக்குவாய் என்பதும் அதில் அடங்கியிருக்கிறது. இஸ்பேட் ஏழு வெளியே இருக்கும்போது ஆட்டினை முதலில் இறக்கினால் கை கெட்டுப்போகலாம். பேசாமல் ஆடி முடித்தவன் வரிசை தெரிந்து ஆடினானா, அதிர்ஷ்டத்தில் தப்பினானா என்று யாரால் சொல்ல முடியும்? முன்பே சொன்னவனைப் பற்றி அந்தச் சந்தேகம் எழாது.

பையன் சிறிது நேரம் பேசாமல் இருந்தான். பிறகு கல்லைத் தள்ளிவிட்டு, விழுந்த சீட்டுகளை எப்படி நினைவில் வைப்பது என்று கேட்டான். முப்பத்திரண்டையும் வைக்க முயலாதே, முதலில் துரும்பு இனத்தின் எட்டுச் சீட்டை மட்டும் எண்ணு, அது கைவந்தபின் நாலு ஜாக்கி, பிறகு நாலு ஒன்பது என்று சொல்லிக்கொடுத்தேன். உன் பேரனுக்கும் அப்படியே சொல். ஜாக்கியும் ஒன்பதும் எந்த இனத்திலும் முதலிரண்டு இடத்தில் இருப்பதால் இந்த வழி நமக்கு எளிது. ஒல்லாந்தரின் கிளாவர்யாஸில் அந்த இரண்டுக்கும் துரும்பில் மட்டும்தான் அந்த மரியாதை. உங்கள் பக்கத்து இருபத்தெட்டு ஆட்டத்திலும் ஜாக்கியும் ஒன்பதும்தான் மேலே என்பதால் அவனுக்குப் பாதி வேலை முடிந்திருக்கும்.

விடியும் நேரத்தில் இன்னொரு சிக்கல் வந்தது. அதற்கு எனக்கு உன் கருத்து வேண்டும். ஒருவர் முதல் நாலு சீட்டிலேயே துணிந்து பெரிய கேள்வி கேட்டுத் துரும்பு வைத்தார். பாதி ஆட்டத்தில் அவருடைய கூட்டாளியின் கையில் ஒரு சீட்டைத் தவிர மற்ற எல்லாம் உறுதி. அந்த ஒன்றும், துரும்பு ஜாக்கி கேள்வி கேட்டவரிடம் இருந்தால் உறுதி. அவ்வளவு பெரிய கேள்வியை ஜாக்கி இல்லாமல் யார் கேட்பார்? ஆகவே கூட்டாளிக்குக் கேப்ஸ் தெரிந்திருக்க வேண்டும், சொல்லாதது தண்டம் என்று ஒரு பக்கம் வாதாடியது. நான் அதை ஏற்கவில்லை. விழுந்த சீட்டும், இனம் இல்லை என்று காட்டிய கையும் மட்டுமே சாட்சி. கேள்வியிலிருந்து ஊகிப்பது, எவ்வளவு நியாயமான ஊகமாக இருந்தாலும், சாட்சி ஆகாது என்றேன். கேள்வி கேட்பவர் ஜாக்கி இல்லாமல் ஒன்பதையும் ஆசுச் சீட்டையும் நம்பியும் கேட்கலாம், நீயே கேட்டிருக்கிறாய். ஆனால் கூட்டத்தில் பாதிப் பேர் ஒப்பவில்லை. அவர்கள் சொல்வதிலும் பலம் இருக்கிறது: நம் மாஸ்டர் கேள்வியையும் சேர்த்துத்தான் கணக்குப் போடுவார்.

மாணிக்கம் அண்ணனின் பதினாறாம் நாளுக்கு அதே ஆட்கள் கூடுவார்கள். அதற்குள் உன் பதில் வந்தால் மேசையில் படித்துக் காட்டுவேன். காரணத்தோடு எழுது. பேரனிடமும் அந்தக் கையை அடுக்கிக் காட்டி, அவன் என்ன சொல்கிறான் என்று தனியாக எழுதச் சொல்.

அன்புடன்,
ராமையா