பாலத்துக்குக் கீழே யார் இருந்தார்கள்

கண்ணா,

சியோல் நகரத்துக்கு நடுவே ஓடுகிற சோங்கேசோன் ஓடையில் நீ எடுத்த படங்கள் வந்தன. "மேம்பாலத்தை இடித்துவிட்டு ஆற்றை மீட்டுட்டாங்கம்மா, எல்லா ஊரிலும் இப்படிச் செஞ்சா என்ன?" என்று கேட்டிருக்கிறாய். செய்யலாம்தான், ஆனால் பாலம் ஏன் தண்ணீர் மேல் வந்து உட்கார்ந்தது என்பதையும் யோசி. நெருக்கமான நகரத்தில் சாலை போட வீடு இடிக்கணும், நிலம் வாங்கணும், வழக்கு நடத்தணும். வாய்க்காலுக்கு மேலே யாருக்கும் பட்டா கிடையாது. டோக்கியோவில் 1964 ஒலிம்பிக்ஸுக்கு அவசரமாக விரைவுச்சாலை போட்டபோது ஆறு, கால்வாய் மேலேயே நெடுகப் போட்டுவிட்டார்கள். 1911இல் கட்டிய நிஹோன்பாஷி கல்பாலம், ஜப்பானில் சாலைத் தொலைவுகளை அளக்கத் தொடங்குகிற இடமே அதுதான், 1963 முதல் கான்கிரீட்டுக்கு அடியில் இருட்டில் கிடக்கிறது. இப்போது அந்தச் சாலையைச் சுரங்கத்துக்குள் இறக்கும் வேலை நடக்கிறது.

சரி, சியோலுக்கு வருகிறேன். கொரியப் போருக்குப் பிறகு அந்த ஓடைக்கரை முழுக்கக் குடிசையும் சாக்கடையுமாக இருந்தது. 1958இல் மூட ஆரம்பித்தபோது நாற்றம் தொலைந்தது என்று நிம்மதிப்பட்டவர்களும் இருந்திருப்பார்கள். அப்புறம் மேலே பாலம். அதை 2003இல் இடிக்கத் தொடங்கி, 2005இல் ஏறத்தாழ ஆறு கிலோமீட்டர் ஓடையைத் திறந்தார்கள். பாலம் போன பிறகும் போக்குவரத்தில் நகரம் திணறாததற்கு 2004இல் பேருந்துத் தடங்களை அடியோடு மாற்றியமைத்ததும் ஒரு காரணம். இதை விட்டுவிட்டு இடிப்பை மட்டும் புகழ்கிறவர்களைப் பார்த்தால் எனக்கு எரிச்சல்தான் வரும்.

இன்னொன்று, நீ கால் நனைத்த தண்ணீரில் பெரும்பங்கு ஹான் ஆற்றிலிருந்து பம்பு வைத்து ஏற்றி விடுவது. பழைய ஓடை திரும்பி வரவில்லை. அதன் பாதையில் புதிதாக ஒன்றை ஓட விட்டிருக்கிறார்கள். எனக்கு அதில் குறை இல்லை, அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் பாலத்தை ஒட்டிக் கடை பரப்பியிருந்தவர்களை தோங்டேமுன் விளையாட்டரங்குக்கு மாற்றினார்களே, பிறகு அந்த அரங்கத்தையும் இடித்தபோது அவர்கள் மறுபடி மூட்டை கட்ட வேண்டியதாயிற்று. உனக்கு அசிங்கமாகத் தெரிகிற கான்கிரீட், அவர்களுக்குப் பிழைப்பு நடந்த இடம்.

இடித்த பாலத்தின் தூண்களில் மூன்றை மட்டும் ஓடைக்குள்ளேயே மொட்டையாக விட்டு வைத்திருக்கிறார்கள். உன் படங்களில் அவை இல்லை. கிழக்குப் பக்கமாக நடந்தால் வரும், பார்த்துவிட்டு வா. உன் வீட்டுக்காரப் பாட்டியையும் கூட்டிக்கொண்டு போ, அந்தப் பாலம் இருந்த காலத்தில் அங்கே எதற்காகப் போவார்கள் என்று கேட்டு எனக்கு எழுது.

அம்மா