வேடம் கட்டியவன் எழுதுகிறேன்

ஆசிரியர் அவர்களுக்கு,

கேமரா முன்னால் தனியாக நின்று தன் முகத்தையே படம் எடுத்துக்கொண்டு 'நான் யார்' என்று கேட்பதெல்லாம் வெளிநாட்டுக் காய்ச்சல் என்று வாசகர் ஒருவர் எழுதியிருந்தார். நான் பென்னாகரம் பக்கம் பாரதக் கூத்தில் பெண் வேடம் கட்டியவன். பிறகு பள்ளிக்கூடத்தில் ஓவிய ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றேன்.

இப்படித் தன்னையே எடுத்துக் காட்டும் வீடியோ கலை வெளிநாட்டில் தொடங்கியது உண்மைதான். 1960களில் தோளில் மாட்டிக்கொள்ளும் வீடியோ கேமரா விற்பனைக்கு வந்தது. ஃபிலிமைக் கழுவக் காத்திருக்க வேண்டாம். நடிக்கும்போதே தன்னைத் திரையில் பார்க்கலாம். அமெரிக்க வீடியோ கலைஞர் ஜோன் ஜோனஸ் 1972இல் முகமூடியும் இறகுத் தலையணியும் போட்டு, தனக்கு வேறு பெயரே வைத்துக்கொண்டு நடித்தார். அவ்வளவு தூரம் போவானேன்? பெங்களூருக் கலைஞர் புஷ்பமாலா, புகைப்படக்காரர் கிளேர் ஆர்னியோடு சேர்ந்து 2000 முதல் 2004 வரை செய்த புகைப்படங்களில் ரவிவர்மாவின் லட்சுமியாகவும் நிற்கிறார், வெள்ளைக்காரர்கள் அளவெடுத்துப் படம்பிடித்த பழங்குடிப் பெண்ணாகவும் நிற்கிறார். வேடத்துக்குள் இருப்பவர் ஒருவரேதான்.

இதைப் பார்த்து நாம் முகம் சுளிப்பதுதான் வேடிக்கை. துகில் கூத்தன்று திரௌபதி வேடக்காரனுக்கு ஊரே கற்பூரம் காட்டும். கிழவிகள் அழுதுகொண்டு கும்பிடுவார்கள். விடிந்ததும் காதோரம் அரிதாரம் ஒட்டியிருக்க டீக்கடைக்குப் போனால், "என்னடா பாஞ்சாலி, பழைய பாக்கி எப்போ குடுப்பே?" என்று கேட்பார்கள். அந்த இரண்டு பேரும் நான்தான். இதை எனக்கு எந்தக் கல்லூரியும் சொல்லித்தரவில்லை.

என் அண்ணன் பேத்தி ஓசூரில் வாடகைக்குக் குடியிருக்கிறாள். வீட்டுக்காரம்மாவிடம் தெலுங்கு, எல்லை தாண்டி வேலைக்குப் போகும் இடத்தில் கன்னடம், அம்மாவிடம் எங்கள் ஊர்த் தமிழ். அவள் ஒரு வீடியோ எடுத்தாள். நாற்காலியில் உட்கார்ந்திருப்பாள், போன் வரும், பேசுவாள். ஒவ்வொரு மொழிக்கும் குரல் மாறும், தோள் மாறும், சிரிப்பு கூட மாறும். அம்மா போன் வந்ததும் காலைத் தூக்கி நாற்காலியில் மடக்கிக்கொள்வாள் பாருங்கள், எனக்கு மெய்சிலிர்த்துவிட்டது. ஆனால் பாதிக்கு மேல் இழுவை. தாளம் தெரிந்தவர் யாராவது பக்கத்தில் இருந்திருந்தால் சுருக்கச் சொல்லியிருப்பார்.

இன்னொரு குறையும் உண்டு. கூத்தில் திரைக்குப் பின்னாலிருந்து பாடி வெளியே வரும் ராஜாவை, "யாரய்யா நீ?" என்று, கோமாளியாக வந்து கூத்தை நடத்திச் செல்லும் கட்டியங்காரன் கேட்காமல் விடமாட்டான். துரியோதனனே ஆனாலும் பதில் சொல்லித்தான் ஆகவேண்டும். இந்த வீடியோக்களில் அப்படிக் கேட்க ஆளில்லை. இருட்டறையில் ஓடுகிறது, வந்தவர்கள் கையைக் கட்டிக்கொண்டு பார்த்துவிட்டுப் போய்விடுகிறார்கள்.

ஆகவே என் கோரிக்கை இதுதான். எங்கள் பக்கம் கூத்து தொடங்க இரவு பத்து மணி ஆகிவிடும். அதற்கு முன்னால் கூட்டம் சேரும் நேரம் சும்மாதான் போகிறது. தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டப் பிள்ளைகள் எடுக்கும் இத்தகைய வீடியோக்களை அப்போது களத்திலேயே போடட்டும். எடுத்தவர் அங்கேயே இருக்கட்டும், கட்டியங்காரன் கேட்கட்டும், ஜனங்களும் கேட்கட்டும். வெள்ளைத் துணி எங்களிடம் இருக்கிறது. புரொஜெக்டருக்குத்தான் கலை பண்பாட்டுத் துறை மனசு வைக்க வேண்டும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஓவிய ஆசிரியர்,
பென்னாகரம் வட்டம், தருமபுரி மாவட்டம்.