பிலோவுக்கு, கடைசியாக அந்தப் பெயரில்

பிலோ,

இந்த ஒரு தடவை மட்டும் அப்படிக் கூப்பிட்டுக்கொள்கிறேன். கோபித்துக்கொள்ளாதே.

இன்று ஆகஸ்ட் 11. தபால்காரரிடம் டிசம்பரில் வாங்கிய காலண்டர் சமையலறைக் கதவுக்குப் பின்னால் தொங்குகிறது. இன்றைய தேதிக்குப் பக்கத்தில் பொடி எழுத்தில் ‘செந்த் க்ளேர்’, அதாவது கிளாரம்மாள் திருநாள், என்று போட்டிருக்கிறது. பால் பொங்கி வழிகிற வரைக்கும் அதையே பார்த்துக்கொண்டு நின்றேன். நீ இதைப் பார்த்துத்தான் பிலோமினாவை விட்டுவிட்டு க்ளேர் என்ற பெயரை எடுத்தாயா, இல்லை தானாக அமைந்ததா? ஆயா இருந்த காலத்தில் இந்தத் தேதி பிலோமினம்மாளுடையது. 1961-ல் ரோமாபுரி அவளை நாள்காட்டியிலிருந்து எடுத்துவிட்டது. 1969-ல் புது நாள்காட்டி வந்தபோது, 12-ஆம் தேதியில் இருந்த கிளாரம்மாளை ஒரு நாள் முன்னால் நகர்த்தி 11-ல் உட்கார வைத்தார்கள். வத்திக்கான் எட்டு வருஷத்தில் செய்த வேலையை நீ மேரியில், இந்தப் பிரெஞ்சு நகராட்சி ஆபீசில், ஒரு படிவத்தைக் கொடுத்து முடித்துவிட்டாய்.

பார், சமாதானமாகப் பேசத்தான் உட்கார்ந்தேன்.

இதை ஏன் ஊர் பார்க்க எழுதுகிறேன் என்று கேட்பாய். போனில் என்றால் நீ வைத்துவிடுவாய், அல்லது நான் அழுவேன். பிரெஞ்சில் எழுதினால் உன் ஆபீஸ்காரர்கள் படிப்பார்கள். தமிழில் எழுதினால் நம் சனங்கள் படிப்பார்கள். நம் சனங்களுக்கு எப்படியும் எல்லாம் தெரிந்திருக்கும், அதனால் தமிழ். நீ எழுத்துக் கூட்டித்தான் படிப்பாய், பரவாயில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் உன்னை அழ வைத்துச் சொல்லிக் கொடுத்ததற்கு இதாவது பலன்.

பிப்ரவரியில் நடந்ததை இங்கே எழுதப்போவதில்லை. அது உனக்குத் தெரியும், எனக்குத் தெரியும், போதும்.

நீ பிறந்தபோது உன் அப்பா பெயர் பதியப் போனார். அப்போதெல்லாம் மூன்று நாளுக்குள் பதிந்தாக வேண்டும். மேரியில் இருந்த பெண் பெயரைப் படித்துவிட்டு, “இது பாட்டி பெயராச்சே முசியே” என்றாளாம். உன் அப்பா முகமெல்லாம் சிரிப்பாக, “ஆமாம் மதாம், எங்க பாட்டி பேர்தான்” என்றிருக்கிறார். அவள் சொன்னது வேறு, இவர் புரிந்துகொண்டது வேறு என்பது எனக்கே ரொம்ப நாள் கழித்துத்தான் உறைத்தது. புதுச்சேரி நெல்லித்தோப்பில் தெருவுக்கு நாலு பிலோமினா இருந்தார்கள். பூக்காரி பிலோமினா, டீச்சர் பிலோமினா, நெட்டைப் பிலோமினா. அந்தப் பெயர் இந்த நாட்டில் கிழவிகளோடு சேர்ந்து மண்ணுக்குள் போய்க்கொண்டிருந்தது எங்களுக்கு எப்படித் தெரியும்? இங்கேயிருந்து வந்த சாமியார்கள் கொண்டு வந்த பெயர்தானே, இங்கேயும் இருக்கும் என்று நினைத்தோம். கொடுத்தவர்கள் மறந்துவிட்டார்கள், வாங்கியவர்கள் வைத்துக்கொண்டோம்.

சட்டம் கட்டாயப்படுத்தியது என்று சொல்லித் தப்பிக்கவும் வழியில்லை. நெப்போலியன் காலத்திலிருந்து, 1803 முதல், நாள்காட்டியில் உள்ள பெயரோ பழைய சரித்திரத்தில் உள்ள பெயரோதான் வைக்கலாம் என்று இருந்தது. 1966-ல் கொஞ்சம் தளர்த்தினார்கள். 1993 சனவரியில் பெற்றவர்கள் இஷ்டம் என்று ஆக்கிவிட்டார்கள். நீ பிறந்தது 1994. மல்லிகா என்று வைத்திருக்கலாம். கயல்விழி என்று வைத்திருக்கலாம், அவர்கள் எழுதத் தெரியாமல் தவித்திருப்பார்கள், அதுவும் நன்றாகத்தான் இருந்திருக்கும். ஆயா போய் இரண்டு மாதம்தான் ஆகியிருந்தது. அடக்கத்துக்கு என்னால் போக முடியவில்லை. ஏன் போக முடியவில்லை என்பதை இங்கே எழுத மாட்டேன், உன் பெரியம்மா இதைப் படிப்பாள். ஆனால் பெயர் அங்கேயிருந்துதான் வந்தது. போகாததற்குப் பதிலாக உன்னை நிறுத்தினேன். அது தப்பு என்றால் தப்புதான்.

நீ எல்லாவற்றையும் மறந்துவிட்டதாகச் சொல்கிறாய். ஆர்ஸ் ஞாபகம் இருக்கிறதா?

2005. உனக்குப் பதினொன்று. நம் ஆட்கள் இரண்டு பஸ் பிடித்து ஆகஸ்ட் முதல் வாரத்தில் போனோம். லியோனுக்கு வடக்கே சின்ன ஊர், சுற்றிலும் வயல். பஸ்ஸில் புளிச்சோறு வாசனை. கோயிலில் அந்தப் பங்குச் சாமியாரின் உடலைக் கண்ணாடிப் பெட்டிக்குள் பார்த்துவிட்டு நீ என் முந்தானையைப் பிடித்துக்கொண்டாய். முகத்தில் இருப்பது மெழுகு என்று சொன்னதும் விட்டாய். ஜான் மரிய வியான்னி, 1859-ல் செத்தவர். தன்னால் நடந்தது என்று சனங்கள் சொன்ன புதுமைகளையெல்லாம் “நான் இல்லை, பிலோமினா” என்று அவள் கணக்கில் எழுதிவிடுவாராம். அவள் பேரில் அங்கே ஒரு சின்னப் பீடம் இருந்தது. அதை நீ ரொம்ப நேரம் பார்க்கவில்லை. உன் கண்ணெல்லாம் கடை மேல்.

கடை வாசலில் அந்தச் சுழல் தட்டு. பெயர் போட்ட சாவிக்கொத்து, பேனா, குட்டி மெடல். எந்த ஊருக்குப் போனாலும் நீ அதன் முன்னால் நிற்பாய். சுற்றுவாய். பாஸ்கல், பாத்ரிசியா, போல், ஃபிலிப், உடனே பியேர். ஃபிலிப்புக்கும் பியேருக்கும் நடுவில் ஒரு விரல் வைத்துப் பார்ப்பாய், இடுக்கில் ஏதாவது விழுந்து கிடக்கிறதா என்று. அன்று அந்த இடுக்கில் இருந்தது. பத்துப் பைசா அளவில் அலுமினியம், ஒரு பக்கம் நங்கூரத்தோடு ஒரு பெண், சுற்றிலும் உன் பெயர், மேலே இழுத்த கோடு உட்பட. நீ சத்தம் போடவில்லை. உள்ளங்கையில் வைத்து மூடிக்கொண்டு என்னிடம் வந்து, விரலை ஒவ்வொன்றாகத் திறந்து காட்டினாய். இரண்டு யூரோ. நான் பர்ஸை எடுத்தேன்.

பக்கத்தில் ஒரு வெள்ளைக்கார அம்மா, அவளும் யாத்திரைக்கு வந்தவள்தான். கெட்ட எண்ணத்தோடு சொன்னாள் என்று இப்போதும் நினைக்கவில்லை. உன் கையில் இருந்ததைப் பார்த்து, “ஐயோ பாவம், இவளை ரோம் எடுத்துவிட்டதே” என்றாள். நீ என்னைப் பார்த்தாய்.

“எடுத்துட்டாங்கன்னா என்னம்மா?”

நான் சொன்னது: “அவங்களுக்கு வயசாயிடிச்சி. தப்பாச் சொல்றாங்க.”

எனக்குத் தெரியும், பிலோ. கல்யாணத்துக்கு முன்னாலேயே தெரியும். ஆயாவிடமே கேட்டிருக்கிறேன். “எடுத்தா எடுக்கட்டும், நம்ம கோயில்ல சுரூபம் இருக்குதில்ல” என்று சொல்லிவிட்டு அரிசி களையப் போய்விட்டாள். அவளுடைய செபப் புத்தகத்தில் ‘அர்ச். பிலோமினம்மாள்’ என்று இருந்த பக்கம் எண்ணெய்க் கறை பட்டு மற்ற பக்கங்களை விடக் கறுத்திருக்கும். அந்தத் தைரியம் எனக்கு வரவில்லை. பதினொரு வயதுப் பிள்ளையிடம், உன் பெயருக்கு நாள் இல்லை என்று, அதுவும் அந்தக் கடை வாசலில், எப்படிச் சொல்வது? அப்புறம் சொல்லலாம் என்று நினைத்தேன். அப்புறம் என்பது வரவே இல்லை. பதினைந்து வயதில் நீயே கண்டுபிடித்து, தாளில் அடித்துக் கொண்டுவந்து என் சோற்றுத் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தாய். “அழிச்ச பேரை வச்சிருக்க எனக்கு.” அன்று நான் செய்ததற்கும் சேர்த்து இப்போது மன்னிப்புக் கேட்கிறேன். கை நீட்டியிருக்கக் கூடாது.

ஆனால் நீயும் அந்தத் தாளை முழுசாகப் படிக்கவில்லை. இதை நான் சொல்லியே ஆக வேண்டும்.

1802 மே மாதம், ரோமில் பிரிசில்லா நிலத்தடிக் கல்லறையில் ஒரு குழியை மூடிய மூன்று சுட்ட மண் ஓடுகள் கிடைத்தன. சிவப்பு மையில் எழுத்து. முதல் ஓட்டில் ‘லுமேனா’, இரண்டாவதில் ‘பாக்ஸ் தே’, மூன்றாவதில் ‘கும் ஃபி’. அப்படியே படித்தால் ஒன்றும் விளங்காது. முதல் ஓட்டை எடுத்துக் கடைசியில் வை: ‘பாக்ஸ் தேகும் ஃபிலுமேனா.’ உனக்குச் சமாதானம், ஃபிலுமேனா. ஓடு பதித்தவன் அவசரத்தில் மாற்றி வைத்துவிட்டான் என்றார்கள். உள்ளே பன்னிரண்டு, பதின்மூன்று வயதுப் பெண்ணின் எலும்புகள். 1805-ல் நேப்பிள்ஸ் பக்கம் முஞ்ஞானோ என்ற ஊருக்குக் கொண்டு போனார்கள். அவ்வளவுதான் கையில் இருந்தது. ஒரு பெயர், கொஞ்சம் எலும்பு, ஓட்டில் நங்கூரமும் அம்பும். மீதியை, அதாவது கிரேக்க ராசா மகள், ரோமச் சக்கரவர்த்தி தியோக்ளேசியன் கட்டிக்கொள்ளக் கேட்டான், மாட்டேன் என்றாள் என்பதையெல்லாம், 1833-ல் நேப்பிள்ஸ் கன்னியாஸ்திரி ஒருத்தி தனக்குக் காட்சியில் சொல்லப்பட்டதாகச் சொன்னாள். ‘ஃபிலியா லூமினிஸ்’, ஒளியின் மகள் என்று பெயருக்கு அர்த்தம் சொன்னதும் அந்தக் கதைதான். நான் உனக்குத் தாலாட்டில் சொன்னது அது.

1835-ல் லியோன் நகரத்துப் போலின் ஜாரிக்கோ சாகக் கிடந்த நிலையில் முஞ்ஞானோ வரைக்கும் வண்டியில் போய் எழுந்து நடந்தார். இரண்டு வருஷத்தில் போப்பாண்டவர் அந்தப் பக்திக்கு அனுமதி கொடுத்தார். ஆர்ஸ் சாமியாருக்குப் பிலோமினாவின் திருப்பண்டம் கொடுத்ததும் போலின்தான். பிறகென்ன, பிரான்சு முழுக்கப் பிறந்த பெண்ணெல்லாம் ஃபிலோமேன். பட்டு நெசவு செய்கிறவர்களிடம் வாரம் ஒரு சூ என்று சில்லறை சேர்த்து மிஷன்களுக்கு அனுப்பும் வேலையை ஆரம்பித்தவரும் இதே போலின்தான். சில்லறை போன வழியிலேதான் பெயரும் நம் பக்கம் வந்து சேர்ந்தது என்று நான் நினைத்துக்கொள்கிறேன். 2022-ல் போலினுக்கு முத்திப்பேறு பட்டம் கொடுத்தார்கள். அவரைக் காப்பாற்றியவளுக்கு நாள்காட்டியில் ஒரு வரி இல்லை.

அப்புறம் ஒராசியோ மாருக்கி என்ற அகழ்வாய்வுக்காரர் இருபதாம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் இன்னொன்று சொன்னார். ஓடுகள் தப்பாக வைக்கப்படவில்லை. பழைய கல்லறை ஒன்றை மூடியிருந்த ஓடுகளை எடுத்து, பிறகு வந்த வேறொரு பிள்ளையின் குழியை மூடியிருக்கிறார்கள். பழைய பெயர் இவளுடையது இல்லை என்று காட்டத்தான் வேண்டுமென்றே மாற்றி வைத்தார்கள். அப்படியானால் உள்ளே இருந்தவளுக்கு என்ன பெயரோ. இதைப் படித்த ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. ஆயாவின் ஓட்டை எடுத்து உன் மேல் வைத்தேன் என்றுதானே நீயும் சொன்னாய், வேறு வார்த்தையில்.

பாதிரிமாரின் அர்த்தத்தை விடு. கிரேக்கத்தில் அந்தச் சொல்லுக்கு ‘நேசிக்கப்படுகிறவள்’ என்று பொருள். செயப்பாட்டு வினை. யார் நேசிப்பது என்று சொல்லில் இல்லை, அதை வெளியே இருந்து யாராவது செய்ய வேண்டும். செய்தோமே, நானும் உன் அப்பாவும். போதவில்லை போலிருக்கிறது.

சரி, உன் பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். நம் குடும்பப் பெயரும் பிரெஞ்சு. நேர்முகத்துக்குக் கூப்பிட்டவர்கள் உன்னைத் தாண்டிக் கதவைப் பார்ப்பார்கள் என்று சொன்னாய். பேப்பரில் பார்த்தால் எழுபது வயது வெள்ளைக்காரக் கிழவி, வந்து நிற்பது நீ. கடைசி வருஷம் லிசேயில், அதாவது மேல்நிலைப் பள்ளியில், ‘பிலோ’ என்றால் தத்துவப் பாடம். “இன்னிக்கு பிலோ போர்” என்று சொல்லிவிட்டு எல்லாரும் உன்னைப் பார்ப்பார்களாம். நான் சிரித்துவிட்டேன், நீ சிரிக்கவில்லை. இப்போது பார், ரோஸ், அலிஸ், ஜோசெஃபின் என்று பாட்டிப் பெயரெல்லாம் தள்ளுவண்டியில் போகிற குழந்தைகளுக்கு வந்துவிட்டது. இன்னும் கொஞ்சம் பொறுத்திருந்தால்... வேண்டாம், அதை எழுத மாட்டேன்.

அந்தக் குடும்பப் பெயரும் எங்கேயிருந்து வந்தது? புதுச்சேரியில் வந்த 1881 செப்டம்பர் ஆணைக்குப் பிறகு, சொந்தச் சாதி வழக்கத்தை விட்டுப் பிரெஞ்சுச் சட்டத்துக்குள் வருகிறோம் என்று எழுதிக் கொடுத்தவர்கள் குடும்பப் பெயர் ஒன்று எடுத்துக்கொள்ள வேண்டியிருந்தது. உன் அப்பாவின் பாட்டனுக்குப் பாட்டன் அப்படி எடுத்ததுதான். அவரைப் பெற்றவள் என்ன சொன்னாள் என்று யாரும் எழுதி வைக்கவில்லை. ஒருவேளை அவளும் நாலு மாதம் பேசாமல் இருந்திருப்பாள்.

நாலு மாதம் என்று தெரிந்தேதான் எழுதுகிறேன். எல்லாரும் உன்னை க்ளேர் என்றுதான் கூப்பிடுகிறோம் என்று ஒரு தாளில் எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தரச் சொன்னாய். நான் தைக்கிற பெட்டிக்குள் போட்டுவிட்டேன். பொய் எழுத மாட்டேன் என்று பெருமையாகச் சொன்னேன். ஆர்ஸ் கடை வாசலில் சொன்னவள்தானே நான். நீ வேறு இரண்டு பேரிடம் வாங்கிக் கொடுத்துக் காரியத்தை முடித்துவிட்டாய். 2016-க்குப் பிறகு நீதிபதியிடம் போக வேண்டியதில்லை, மேரியே போதும் என்பதும் எனக்கு உன் பெரியம்மா சொல்லித்தான் தெரியும்.

பிறப்புச் சான்றிதழின் புது நகலை உன் அப்பா வாங்கி வந்தார். நடுவில் பழைய பெயர் அப்படியே இருக்கிறது. புதுப் பெயர் ஓரத்தில், சின்னக் குறிப்பாக. அதைப் பார்த்து எனக்கு ஒரு அற்பச் சந்தோஷம் வந்தது. ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன்.

அந்தத் தாளைத் தேடும்போது பெட்டிக்குள் மெடல் கிடைத்தது. வளையம் கறுத்துவிட்டது. நீ வீசிவிட்டாய் என்று நினைத்திருந்தேன், நான்தான் எடுத்து வைத்திருக்கிறேன் போல. மிளகாய்த்தூள், வடகம், உன் அப்பா உலர்த்திய நார்த்தங்காய் எல்லாம் பெட்டியில் கட்டி வைத்திருக்கிறேன். மெடலைப் போடவா வேண்டாமா என்று ஒரு வரி எழுது. இன்னொன்று, உங்கள் கட்டடத்துத் தபால் பெட்டியில் இப்போது என்ன பெயர் ஒட்டியிருக்கிறது? நான் வேறு பெயர் எழுதிவிட்டால் தபால்காரர் திருப்பி அனுப்பிவிடுவார். நார்த்தங்காய் வீணாகும்.

அம்மா