தென்னைக்கு உள்ள ஹார்ட்வுட் கிடையாது சார்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

செங்கோட்டைல இருந்து எழுதுறேன். எங்க அப்பா காலத்துல இருந்து உங்க பேப்பர்தான் வீட்டுக்கு வருது, இதுவரைக்கும் ஒரு லெட்டர்கூட போட்டதில்ல, ஆனா போன ஞாயித்துக்கிழமை இணைப்புல தென்னை மரத்துல ஃபர்னிச்சர் செய்யறத பத்தி ஒரு பக்கம் வந்துச்சே, அத படிச்சதுல இருந்து சும்மா இருக்க முடியல. அதுல தென்னையோட உள்பகுதில இருக்கற உறுதியான ஹார்ட்வுட்ட (heartwood, மரத்துக்கு நடுவுல இறுகிப்போன கட்டை) எடுத்துத்தான் நாற்காலி செய்யறாங்கன்னு ஒரு வரி, கொஞ்சம் கீழ அதையே இதயக்கட்டைன்னு வேற எழுதியிருக்கீங்க. எங்கப்பா சா மில்லுல மரம் அறுத்தவரு, இருந்திருந்தா பேப்பர மடிச்சு வெச்சுட்டு ஒரு சிரிப்பு சிரிச்சிருப்பாரு.

முதல்ல அந்த வார்த்தைய பாப்போம். ஹார்ட்வுட்டுக்கு நம்மகிட்ட வார்த்தை இல்லாம இல்ல. பட்டறைல கேளுங்க, வைரம்னு சொல்வாங்க, வயசானவங்க சிலர் சேகுன்னு சொல்வாங்க. எண்பது வயசுல மூட்டை தூக்குற தாத்தாவ வைரம் பாய்ஞ்ச கட்டைன்னு சொல்றோமே, அந்த வைரம் மோதிரத்துல இருக்கற வைரக்கல்லு இல்ல, மரத்துக்குள்ள பாயுற வைரம். பள்ளிக்கூடத்து தாவரவியல் புத்தகத்துலயும் உள்ள இருக்கறது வைரக்கட்டை, அத சுத்தி வெளில இருக்கற வெள்ளை சாற்றுக்கட்டைன்னுதான் இருக்கு. இதெல்லாத்துக்கும் முந்தின ஒரு வார்த்தையும் உண்டு, காழ். ரெண்டே எழுத்து. இப்போ தனியா யாரும் சொல்றதில்ல, புலவர் படிச்சவங்களத் தவிர யாருக்கும் தெரியறதும் இல்ல, ஆனா வேடிக்கை என்னன்னா அந்த வார்த்தை உங்க பேப்பர்ல வாரத்துக்கு நாலு நாள் முதல் பக்கத்துலயே வருது. நான் சொல்றது "அரசியல் காழ்ப்புணர்ச்சி"ய. அதே ஞாயித்துக்கிழமைகூட ரெண்டு இடத்துல இருந்துச்சு, பேனாவால வட்டம் போட்டு வெச்சிருக்கேன்.

காழ்ப்புன்னா காழ் ஏறிப்போன நிலை. அகராதிய பிரிச்சா காழ்ப்புக்கு மரவயிரம்னும் இருக்கும் மனவயிரம்னும் இருக்கும். பச்சை மரமா இருந்த மனசு நாள்பட நாள்பட உள்ள இறுகிப் போறதுதான் காழ்ப்புணர்ச்சி. காலைல திட்டிக்கிட்டு சாயங்காலம் டீ குடிக்கறவங்களுக்கு இந்த வார்த்தைய போடக் கூடாதுன்னு எனக்கு ஒரு எண்ணம், அது வெறும் கோவம், காழ்ப்பு ஆகணும்னா வருஷக்கணக்கா உள்ள கெடக்கணும். டிவில காள்ப்புணர்ச்சின்னு படிக்கறாங்களே அத பத்தி நான் பேசப் போறதில்ல, பேசினா இந்த லெட்டர் முடியாது.

இந்த ரெண்டு அர்த்தத்தையும் ஒரே இடத்துல வெச்சவரு வள்ளுவர்தான். "இளைதாக முள்மரம் கொல்க களையுநர் கைகொல்லும் காழ்த்த இடத்து", 879வது குறள். முள்ளுமரத்த கன்னா இருக்கும்போதே வெட்டிடு, காழ் ஏறின பிறகு போனா வெட்டுறவன் கையதான் பதம் பாக்கும். மரத்த பத்தின குறள் மாதிரி இருக்கு, ஆனா அது இருக்கற அதிகாரம் பகைத்திறம் தெரிதல். பகையும் மரமும் ஒரே மாதிரி காழ்க்கும்னு அவருக்கு தெரிஞ்சிருக்கு. சீமைக்கருவேலத்த சின்னதுல பிடுங்காம விட்டுட்டு அப்புறம் அருவாளோட போய் நின்னவங்களுக்கு இந்த குறளுக்கு உரையே வேண்டாம். இதுல இன்னொரு கூத்து, வயிரம்னாலும் மரத்தோட உள்கட்டைதான், வயிரம்னாலும் பகைதான், வைரின்னா எதிரி. ஆனா இது ரெண்டும் வடமொழில ரெண்டு தனி வார்த்தை, வஜ்ரம் ஒண்ணு வைரம் ஒண்ணு, தமிழுக்கு வந்த இடத்துல ஒரே உருவமா ஆயிடுச்சு. காழ் அப்படி இல்ல, ஒரே வேர்ல ரெண்டு கிளை.

சரி தென்னைக்கு வரேன், நான் பேனா எடுத்ததே அதுக்குத்தான். தொல்காப்பியம் மரபியல்ல ரெண்டு வரி இருக்கு. "புறக்காழனவே புல்லென மொழிப", "அகக்காழனவே மரமென மொழிப". அதாவது வெளிப்பக்கம் கெட்டியா இருந்தா அது புல்லு, உள்பக்கம் கெட்டியா இருந்தா அது மரம். அவ்வளவுதான் கணக்கு. தென்னை, பனை, கமுகு, மூங்கில் எல்லாம் வெளில கெட்டி, உள்ள ஒண்ணுமில்ல, அதனால அதெல்லாம் புல்லு கட்சி. தேக்கு, புளி, வேங்கை, கருங்காலி உள்ள கெட்டி, மரம் கட்சி. பனைய பொளந்து பாத்தவங்களுக்கு தெரியும், வெளி ஓரத்துல கருப்பா வரி வரியா இரும்பு மாதிரி இருக்கும், அதுலதான் வீட்டுக் கூரைக்கு பனங்கை எடுப்பாங்க, நடுவுல இருக்கறத சோறுன்னு சொல்வோம், கத்தாழைல வழுவழுன்னு இருக்கறதுக்கும் சோறுன்னுதான பேரு, அந்த சோறுதான் இதுவும். தென்னையும் அதே கதை. மில்லுல தென்னைய அறுத்தா ஓரத்து பலகைய தனியா எடுத்து வெச்சுட்டு நடுவ கழிச்சு விட்ருவாங்க, அது காஞ்சா சுருங்கி பஞ்சு மாதிரி ஆயிடும். உங்க கட்டுரைய நம்பி யாராவது தென்னையோட நடுப்பகுதில நாற்காலி செஞ்சு உக்காந்தா என்ன ஆகும்னு நீங்களே யோசிச்சுக்கோங்க.

இதுக்கு காரணமும் இருக்கு. தேக்கு மாதிரி மரத்துல பட்டைக்கு அடில காம்பியம்னு ஒரு படலம், அதுதான் வருஷா வருஷம் புதுசா வளையம் போட்டு மரத்த பருக்க வைக்குது, வேர்ல இருந்து ஏறுற தண்ணி போறது வெளில இருக்கற புது வளையங்கள்லதான், உள்ள மாட்டிக்கிட்ட பழைய வளையம் கொஞ்சம் கொஞ்சமா வேலைய விட்டுடும். ஆனா சும்மா விடாது, அங்க உயிரோட இருக்கற கடைசி செல்லுங்க சாகறதுக்கு முன்னாடி சேத்து வெச்ச மாவுச்சத்தையெல்லாம் டானின், பிசின், எண்ணெய்னு மாத்தி குழாய்கள்லயும் சுவர்கள்லயும் ஏத்திடும், நெறைய மரத்துல குழாயையே அடைச்சிடும். கலர் மாறி கெட்டியாகி பூச்சிக்கும் பூஞ்சைக்கும் பிடிக்காத பொருளா ஆயிடுது, அதுதான் காழ். செத்த பகுதிதான் மரத்துலயே கெட்டியான பகுதி. ஆத்தங்கரைல நடுவுல பெரிய பொந்து விழுந்த புளியமரம் வருஷம் தவறாம காய்க்குதே எப்படின்னு சின்னதுல எனக்கு ஆச்சரியமா இருக்கும், உள்ள இருந்த காழ் உளுத்து கொட்டிப்போனாலும் வெளி வெள்ளை நல்லா இருக்கறவரைக்கும் மரத்துக்கு தண்ணி போய்க்கிட்டுதான் இருக்கும். தென்னை பனைக்கு அந்த காம்பியமே கிடையாது. நார்க்கத்தைங்க தண்டு முழுக்க சிதறி கெடக்கும், ஓரத்துல நெருக்கமா, நடுவுல விலகி விலகி. அதான் புறக்காழ். ஒருவித்திலை இருவித்திலைன்னு இன்னைக்கு பிரிக்கறதுக்கு ரொம்பவே பக்கத்துல வருது இந்த பிரிவினை, விதைய பாக்காம கோடாலி சத்தத்தையும் அறுத்த முகத்தையும் பாத்து செஞ்சது.

அதுக்கப்புறம் வர்ற நூற்பாவுல புல்லுக்கு வர்ற உறுப்பு பேரு தனி, மரத்துக்கு வர்ற பேரு தனின்னு ஒரு பட்டியல். புல்லுக்கு தோடு, மடல், ஓலை, ஏடு, இதழ், பாளை, ஈர்க்கு, குலை. மரத்துக்கு இலை, தளிர், முறி, சினை, குழைன்னு போகும். தொல்காப்பியமே படிக்காதவங்களும் இன்னைக்கும் இந்த விதிப்படிதான் பேசறாங்க, யாராவது தென்னை இலைன்னு சொல்லி கேட்டிருக்கீங்களா, தென்னை ஓலை, தென்னம்பாளை, ஈர்க்கு, இளநி குலை. வாழைக்கு மட்டும் இலைன்னு ஆயிப்போச்சு, அது சாப்பாட்டு விஷயம், விட்ருவோம்.

மூங்கில் கதைய கேட்டா சிரிப்பீங்க. 1927ல வெள்ளைக்காரன் போட்ட இந்திய வனச் சட்டத்துல மரம்னா பனை, மூங்கில் எல்லாம் சேத்திதான்னு எழுதி வெச்சுட்டான், அதனால சொந்த நிலத்துல வெச்ச மூங்கில வெட்டி எடுத்துட்டு போகணும்னாலும் பல இடத்துல பெர்மிட்டுக்கு அலைய வேண்டியிருந்துச்சு. 2017ல திருத்தம் கொண்டுவந்துதான் மூங்கில அந்த வரில இருந்து எடுத்தாங்க. தொண்ணூறு வருஷம். மரபியல்ல ஒரு வரில முடிஞ்ச விஷயம் இது. பனை இன்னும் அந்த லிஸ்ட்ல மரமாத்தான் இருக்கு, நம்ம மாநில மரமும் பனைதான், தொல்காப்பியர் கணக்குல பாத்தா நமக்கு மாநிலப் புல்லுதான் இருக்கு.

காழுக்கு இன்னும் அர்த்தம் இருக்கு. பழத்துக்குள்ள இருக்கற கொட்டையும் காழ், யானைய கட்டுற தறியும் காழ், கம்பும் காழ், கருப்பு நிறமும் காழ். முத்து கோத்த வடமும் காழ், சிலப்பதிகாரத்துல கடலாடு காதைல மாதவி இடுப்புல கட்டுறது "முப்பத்திரு காழ்", அதாவது முப்பத்திரண்டு வடம். இப்போ ஊரே கருங்காலி மாலை போட்டுக்கிட்டு திரியுதே, கருங்காலில வெளிக்கட்டை வெளுப்பாத்தான் இருக்கும், கருப்பா இருக்கறது உள்ள இருக்கற காழ் மட்டும், அத கடைஞ்சு மணியாக்கி கோத்தா மாலை. காழ எடுத்து காழா கோத்து கழுத்துல போட்டிருக்காங்க, கலரும் காழ். விளம்பரம் எழுதறவங்களுக்கு இது தெரிஞ்சா விலைய இன்னும் ஏத்திடுவாங்க.

சந்தனத்துல வாசனை காழ்லதான், வெளி வெள்ளைய உரசினா வெறும் கட்டைதான். சேஷாசலம் காட்டுல செம்மரம் வெட்டுறவன் வெளி வெள்ளைய அங்கயே செதுக்கி தள்ளிட்டு செவப்ப மட்டும் தூக்கறான், ஏன்னா காசு அதுக்குத்தான். வேங்கைக் குவளைல ராத்திரி தண்ணி ஊத்தி வெச்சா காலைல கலர் மாறியிருக்கே, அதுவும் காழ்ல இருந்து இறங்குற சாயம்தான்.

எங்க ஊரு 1956 வரைக்கும் திருவிதாங்கூர் கொச்சியோட இருந்த ஊரு, அதனால மலையாளம் காதுல விழாம வளர முடியாது. மில்லுக்கு தடி கொண்டு வர்ற லாரிக்காரங்க "நல்ல காதல் உள்ள தடி"ம்பாங்க, சின்ன வயசுல நாங்க பொண்ணுங்க எல்லாம் முகத்த மூடிக்கிட்டு சிரிப்போம், அப்புறம்தான் தெரிஞ்சுது மலையாளத்துல காதல்னா மரத்தோட வைரம். தெலுங்குல சேவ, அதுக்கு பலம்னும் அர்த்தம். கன்னடத்துல கெச்சு, நெஞ்சுரத்த கெச்செதென்னு சொல்வாங்க. அவங்க எல்லாம் மரத்து வைரத்துல இருந்து பலத்தையும் தைரியத்தையும் எடுத்துக்கிட்டாங்க, நாம காழ்ல இருந்து போயும் போயும் காழ்ப்புணர்ச்சிய எடுத்துக்கிட்டோம். இது எனக்கு கொஞ்சம் வருத்தம்தான்.

வார்த்தை தெரியாததால என்ன நஷ்டம்னு கேப்பீங்க. என் பையன் வீடு கட்டும்போது தேக்கு நிலை வாங்கினோம், அப்பா அப்போ இல்ல, பையன்தான் போனான். கடைக்காரர் தேக்குன்னு சொன்னாரு, பொய்யும் இல்ல, தேக்குதான், ஆனா சின்ன மரமா பாத்து வெட்டினதுல முக்கால்வாசி வெள்ளை, கலர் ஏத்தி வார்னிஷ் அடிச்சு எல்லாம் ஒரே மாதிரி மின்னுச்சு. மூணாவது வருஷம் நிலைக்கு அடில மாவு மாதிரி பொடி கொட்ட ஆரம்பிச்சுது. வெள்ளைலதான் மாவுச்சத்து இருக்கு, உளுக்கற வண்டுக்கு அதான் சாப்பாடு, காழ்ல அதுக்கு ஒண்ணும் கிடைக்காது. பையன் கடைல தேக்கான்னு மட்டும்தான் கேட்டிருக்கான், வைரமா வெள்ளையான்னு கேக்க அவனுக்கு அந்த ரெண்டு வார்த்தையும் தெரியல. முருங்கை பருத்தா தூணாகுமான்னு வீட்டுல சொல்லி சொல்லித்தான் வளத்தேன், பழமொழியா கேட்டுக்கிட்டான் போல.

அதனால ஆசிரியர் சார், காழ்னே எழுதணும்னு நான் அடம் பிடிக்கல, பட்டறைக்காரங்களுக்கும் புரியற மாதிரி வைரம்னு எழுதுங்க, ஒரு தடவ பக்கத்துல காழ்னும் போடுங்க, வெளிக்கட்டைய வெள்ளைன்னு எழுதுங்க. இதயக்கட்டை வேண்டவே வேண்டாம், மரத்துக்கு நெஞ்சு வலி வந்த மாதிரி இருக்கு. தென்னைல உறுதியான பகுதி வெளிப்பக்கம்தான்னு ஒரு திருத்தம் அடுத்த ஞாயித்துக்கிழமைக்குள்ள போட்டா நல்லது, எங்க தெருவுலயே ஒருத்தர் உங்க கட்டுரைய கத்தரிச்சு வெச்சுக்கிட்டு தோட்டத்துல ரெண்டு தென்னைய வெட்ட ஆள் பேசிக்கிட்டு இருக்காரு.

இப்படிக்கு
ஒரு வாசகி, செங்கோட்டை